காட்டூருக்குப் போகாமல் இருக்க வாழைப்பழ வாஃபிள்

பங்குனி மாதத்தில் ஒரு நாள் காலை என் வீட்டு அடுப்பில் பால் தீய்ந்தது. நடந்தது அவ்வளவுதான். தினமும் எத்தனையோ வீட்டில் பால் தீய்கிறது, அதற்காக யாரும் கூட்டம் போடுவதில்லை. என் வீட்டுப் பாலுக்கு மட்டும் கூட்டம் போட்டார்கள். எதிர் வீட்டு மாமி வாசலில் நின்று, "உங்காத்துலேர்ந்து புகை வரதே, உள்ள இருக்கேளா" என்று கூப்பிட்டாள். நான் எழுந்து வருவதற்குள் காட்டூரில் இருக்கும் என் மகனுக்குப் போனும் போட்டுவிட்டாள். மாமி நல்லவள். எனக்கு வந்த தொந்தரவெல்லாம் நல்லவர்களால் வந்ததுதான்.

முழங்கால் வலிக்கிறது என்று நான் சொன்னால், காவிரிப் பாலத்தில் நெரிசல் என்று பதில் சொல்கிறவன் என் மகன். பால் தீய்ந்தது என்றதும் அந்தப் பாலத்தை எப்படித்தான் தாண்டினானோ, அரை மணி நேரத்தில் ஸ்ரீரங்கத்தில் என் வாசலில் நின்றான். கூடவே மருமகள். இருவரும் பாத்திரத்தைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார்கள். அடி கருகிய பாத்திரத்தில் அப்படிப் பார்க்க என்ன இருக்கிறதோ. கருப்பாக இருந்தது.

"எப்படிம்மா ஆச்சு?"

"கண்ணசந்துட்டேன்பா."

"காலைல ஏழு மணிக்கா?"

"கண்ணு என்ன மணி பார்த்தா அசரும்?"

பதில் இல்லாதபோது ஆண்பிள்ளைகள் ஒரு முடிவெடுப்பார்கள். அவனும் எடுத்தான். பதினைந்து நாள் கழித்து வந்து சொன்னான், யோசித்து எடுத்த முடிவாம். அம்மா தனியாக இருக்கிற வீட்டில் இனி கேஸ் அடுப்பு கூடாது. சிலிண்டரைக் காட்டூருக்குக் கொண்டு போய்விடுவான். மத்தியானச் சாப்பாடு மெஸ்ஸிலிருந்து கேரியரில் வரும். காலை டிபனுக்கு மட்டும் கரண்டில் ஓடும் ஒரு மெஷின் வாங்கித் தருவான். அது வெந்ததும் தானாக நின்றுவிடுமாம்.

"ஞாயித்துக்கிழமை நாங்க ரெண்டு பேரும் வரோம். அந்த மெஷின்ல நீயே டிபன் பண்ணிக் காட்டு. சரியா வந்துச்சுன்னா இங்கயே இரு, நான் ஒண்ணும் சொல்லல. வரலன்னா பேசாம பெட்டியக் கட்டு, காட்டூருக்குப் போயிடலாம்."

நான் பெற்று, பல் விளக்கக் கற்றுக்கொடுத்தவன் எனக்குச் சமையல் பரீட்சை வைத்தான். மூன்றாம் வகுப்போடு பரீட்சை முடிந்தது என்று நினைத்திருந்தேன்.

காட்டூர் மோசமான ஊர் என்று நான் சொல்லவில்லை. தஞ்சாவூர் ரோட்டுக்குப் பக்கம், காற்றோட்டமான இடம், மகன் வீடு மூன்றாவது மாடியில். போன வருஷம் கண் ஆபரேஷன் முடிந்து அங்கே பத்து நாள் இருந்தேன். பத்து நாளும், "நீங்க உக்காருங்க அத்தை" என்றார்கள். தண்ணீர் எடுக்க எழுந்தால் உட்காரச் சொன்னார்கள். உட்கார்ந்து அலுத்துப்போய் எழுந்தாலும் உட்காரச் சொன்னார்கள். கொலுவில் வைத்த பொம்மையைக்கூட பத்தாம் நாள் படுக்க வைத்து, துணி சுற்றி எடுத்து வைப்பார்கள். எனக்கு அதுவும் இல்லை. வெங்காயம் உரிக்கக் கேட்டேன், தரவில்லை. மருமகள் சமைத்ததைக் குறை சொல்லாமல் பத்து நாள் சாப்பிட்டேன். அதற்கே எனக்குத் தனியாக ஒரு மாலை போட்டிருக்க வேண்டும்.

புதன்கிழமை அவள் மட்டும் வந்து மெஷினை வைத்துவிட்டுப் போனாள். பெட்டியிலிருந்து எடுத்ததைப் பார்த்தேன். இஸ்திரிப் பெட்டி வாயைப் பிளந்தது போல இருந்தது. உள்ளே மேலும் கீழும் கட்டம் கட்டமாகக் கருப்புத் தட்டு. மூடியில் இரண்டு சின்ன விளக்கு.

"இது என்னம்மா?"

"வாஃபிள் மேக்கர் அத்தை. மாவ ஊத்தி மூடிட்டா போதும். செவப்பு லைட் எரியும். வெந்ததும் பச்சை லைட் வந்துடும்."

"அப்புறம்?"

"அப்புறம் என்ன, எடுத்துச் சாப்பிடணும்."

"அதையும் நான்தான் பண்ணணுமா?"

அவள் சிரித்தாள். என் மருமகளிடம் ஒரு நல்ல குணம் உண்டு. நான் குத்தினால் அவளுக்கு வலிக்கிறதா இல்லையா என்று கடைசி வரை தெரியாது. இருபது வருஷமாக எனக்கு இதனால் பெரிய நஷ்டம்.

"வாழைப்பழ வாஃபிள் பண்ணுங்க அத்தை. ஈஸி. உடம்புக்கும் நல்லது. ரெண்டு வாழைப்பழம் மசிச்சுப் போட்டாப் போதும்."

"என்ன பழம்?"

"ஏதாவது ஒண்ணு."

நான் யாருடைய பெண்டாட்டி என்று இங்கே சொல்லிவிட வேண்டும். என் வீட்டுக்காரர் காந்தி மார்க்கெட் பக்கம் வாழைக்காய் மண்டியில் முப்பத்தைந்து வருஷம் நின்றவர். லாரியிலிருந்து தார் இறங்கும்போதே எந்தக் கொல்லையில் விளைந்தது, தண்ணீர் எத்தனை நாள் பாயாமல் கிடந்தது என்று சொல்லிவிடுவார். பூவன், ரஸ்தாளி, கற்பூரவல்லி, பச்சைநாடன், மொந்தன் என்று என் வீட்டுக் கூடத்தில் எப்போதும் நாலு சீப்பாவது தொங்கும். அந்த வீட்டில் நின்றுகொண்டு, திருச்சிராப்பள்ளியில் பிறந்து வளர்ந்த ஒரு பெண், "ஏதாவது ஒண்ணு" என்றாள். ஏதாவது ஒரு மாப்பிள்ளை என்று இவளைக் கட்டிக் கொடுத்திருக்கிறார்கள் போலிருக்கிறது என்று நினைத்துக்கொண்டேன். அந்த மாப்பிள்ளை என் மகன்தான் என்று உடனே ஞாபகம் வந்ததால் வாய்விட்டுச் சொல்லவில்லை.

செய்முறையை அவள் எழுதித் தரவில்லை. என் படிப்பின் மேல் அவளுக்கு அவ்வளவு நம்பிக்கை. போனில் பேசி அனுப்பினாள். வாழைப்பழம் இரண்டு, மைதா ஒரு கப், முட்டை ஒன்று, பால், உருக்கின வெண்ணெய், சர்க்கரை, சோடா, பட்டைப் பொடி. ஐந்து தடவை போட்டுக் கேட்டேன். புரியாமல் இல்லை. இத்தனை சுலபமான ஒன்றுக்கு அவள் குரலில் அத்தனை அதிகாரம் எப்படி வந்தது என்று கேட்டுப் பார்த்தேன்.

இப்போது மெஷினைப் பற்றி. புது இரும்பு தோசைக்கல் வாங்கினால் அப்படியே அடுப்பில் ஏற்றுகிறவளை நான் பெண் என்றே சொல்ல மாட்டேன். கடையிலிருந்து வரும் கல்லில் துருப் பிடிக்காமல் இருக்க ஒரு கருப்பைத் தடவி அனுப்புவார்கள். அதைத் தேய்த்து எடுக்க வேண்டும். அப்புறம் மூன்று நாள் அரிசி கழுவிய தண்ணீரில் போட்டு, எண்ணெய் தடவி, காய வைத்து, பாதி வெங்காயத்தால் தேய்த்துப் பழக்க வேண்டும். அதன் பிறகுதான் கல் நம் சொல்பேச்சுக் கேட்கும். இந்த மெஷினின் தட்டிலும் அதே கருப்பு இருந்தது. விரலால் தடவிப் பார்த்தேன், வழுவழுவென்று இருந்தது. நன்றாகத்தான் தடவி அனுப்பியிருக்கிறான் என்று நினைத்துக்கொண்டேன்.

உட்கார்ந்தேன். கம்பி நார், பாத்திரம் தேய்க்கும் பொடி, கட்டங்களின் இடுக்குக்குப் பழைய பல் பிரஷ். மிக்ஸியும் கிரைண்டரும் வைத்து ஆண்டவள் நான், கரண்டு சாமானைத் தண்ணீரில் முக்கக் கூடாது என்று தெரியும். ஈரத் துணியால் துடைத்துத் துடைத்துத் தேய்த்தேன். லேசில் விடுகிற கருப்பாக இல்லை. புதன்கிழமை சாயங்காலம் வரை ஒரு தட்டு, வியாழக்கிழமை காலையில் இன்னொன்று. தோள்பட்டை கழன்றுவிட்டது. கடைசியில் இரண்டு தட்டும் வெள்ளி போலப் பளபளத்தபோது எனக்கு வந்த பெருமையைச் சொல்லி முடியாது. காட்டூரில் இப்படி ஒரு மெஷின் இருந்திருந்தால் அந்த அழுக்கோடுதான் சாப்பிட்டிருப்பார்கள்.

அப்புறம் கழுநீரில் நனைத்த துணியைத் தட்டில் போட்டுப் போட்டு எடுத்தேன். நல்லெண்ணெய் தடவினேன். பிளக்கைச் சொருகிச் சூடு பண்ணினேன். சிவப்பு விளக்கு எரிந்தது, கொஞ்ச நேரத்தில் பச்சை வந்தது. சரி, தானாக நின்றுவிடும் என்று சொல்லியிருக்கிறானே என்று மாமி வீட்டு வாசலில் கறிவேப்பிலை பறிக்கப் போனேன். மாமியிடம் கறிவேப்பிலை பறித்தால் கூடவே இரண்டு கதையும் பறித்துக்கொண்டுதான் வர முடியும். திரும்பி வந்தால் சமையல்கட்டில் எண்ணெய்ப் புகை. மெஷின் மூடி கொதிக்கிறது. பச்சை விளக்கு சாதுவாக எரிந்துகொண்டிருக்கிறது.

பிளக்கைப் பிடுங்கினேன். மறுபடி ஒரு தடவை சொருகி, இந்த முறை எதிரிலேயே முக்காலி போட்டு உட்கார்ந்து பார்த்தேன். சிவப்பு வந்தது, பச்சை வந்தது, மறுபடி சிவப்பு வந்தது. விளக்குதான் நிறம் மாறுகிறதே தவிர மெஷின் நிற்கிற ஜாதியே இல்லை. நாமாகப் பிடுங்கும் வரை அது காய்ந்துகொண்டே இருக்கும். கேஸ் அடுப்பிலாவது பால் பொங்கினால் நெருப்பு அணையும். இது அதுவும் செய்யாது.

இதை நான் யாரிடமும் சொல்லவில்லை. சொன்னால், "பாத்தியா, போட்டுட்டு வெளிய போயிட்ட" என்பான். நான் போட்டுவிட்டு வெளியே போனதும் உண்மைதான்.

வெள்ளிக்கிழமை வாழைப்பழத்தை வீணாக்க மனமில்லாமல் இட்லி மாவை ஊற்றிப் பார்த்தேன். முதல் ஈடு மேல் தட்டில் பாதி, கீழ்த் தட்டில் பாதி என்று பாகப் பிரிவினை செய்துகொண்டது. கரண்டிக் காம்பால் சுரண்டி எடுத்து, எண்ணெய் தடவி, வெங்காயத்தால் தேய்த்தேன். இரண்டாவதும் அப்படியே. சனிக்கிழமை ஆறாவதோ ஏழாவதோ ஊற்றியபோது முழுசாகக் கழன்று வந்தது. மாமிக்கு ஒன்று கொடுத்தேன். மிளகாய்ப் பொடி வைத்துச் சாப்பிட்டுவிட்டு, "ஊத்தப்பத்துக்கு ஜன்னல் வெச்சாப்ல இருக்கு" என்றாள். பிறகு குரலைத் தாழ்த்தி, "நாளைக்கு நீங்க ஜெயிச்சுடணும். பெருமாள்கிட்ட சொல்லியிருக்கேன்" என்றாள். போன் போட்டதும் அவள், வேண்டிக்கொண்டதும் அவள். பெருமாளுக்கும் குழப்பமாகத்தான் இருந்திருக்கும்.

ஞாயிற்றுக்கிழமை காலை எட்டு மணிக்கு வந்தார்கள். மகன் கையில் சிலிண்டர் ரெகுலேட்டரைக் கழற்றத் தேவையில்லாத ஒரு ஸ்பேனர். அதைப் பார்க்காதவள் போல மேடையில் எல்லாவற்றையும் எடுத்து வைத்தேன்.

பழம் பூவன். நன்றாகக் கனிந்து தோலில் புள்ளி விழுந்தது. பச்சைநாடன் மசித்தால் தண்ணீர் விடும். ரஸ்தாளியைப் போய் மாவில் போட்டுக் கொல்லக் கூடாது, அது உரித்துச் சாப்பிடுவதற்குப் பிறந்தது. பூவனில் அடியில் ஒரு புளிப்பு இருக்கும், சோடாவோடு சேர்ந்தால் மாவு தானாக எழும்பும். இரண்டு பழம் என்றாள், பூவனுக்கு ஐந்து வேண்டும். கையால் மசித்தேன். மைதாவுக்குப் பதில் பாதிக்குப் பாதி கோதுமை மாவு. பட்டை பிரியாணிக்கு ஆகும், இதற்கு ஏலக்காய். மாமி வீட்டுப் பக்கம் ஜன்னலைச் சாத்திவிட்டு முட்டையை உடைத்தேன். இந்தத் தெருவில் முப்பது வருஷமாக நான் முட்டை உடைக்கிறேன், மாமி முப்பது வருஷமாக அதைத் தெரியாதவளாக இருக்கிறாள். மரியாதை என்பது அதுதான். வெண்ணெயை உருக்கி ஊற்றிக் கலந்ததும் வீடே வாசனை எடுத்தது. மருமகள் எட்டிப் பார்த்து, "நான் சொன்னதுல ஒண்ணுகூட இதுல இல்லையே அத்தை" என்றாள்.

"உப்பு இருக்கு."

"அத நான் சொல்லவே இல்ல."

அப்போதுதான் மகன் மெஷினைத் திறந்தான். குனிந்து பார்த்தான். கண்ணாடியைப் போட்டுக்கொண்டு மறுபடி பார்த்தான்.

"அம்மா, இதுல கருப்பா இருந்துச்சே, அது எங்க?"

"தேய்ச்சு எடுத்துட்டேன். ரெண்டு நாளாச்சு. என்ன அழுக்குடா அது."

"அழுக்கா? அதுதாம்மா நான்-ஸ்டிக். மாவு ஒட்டாம இருக்கறதுக்குன்னு போட்டிருக்கறது. அதுக்குத்தான் கடையில காசே வாங்கறான்."

மருமகள் முந்தானையை வாயில் வைத்துக்கொண்டு கொல்லைப் பக்கம் போனாள். அங்கே போய்ச் சிரித்தது எனக்குக் கேட்கவில்லை என்று இன்னும் நினைத்துக்கொண்டிருக்கிறாள்.

இரண்டு நாள் தோளை உடைத்துக்கொண்டு நான் எடுத்தது அழுக்கை இல்லை, மெஷினின் உயிரை. ஆனால் தப்பு செய்தவள் முகம் தப்பு செய்தவள் முகம் போல இருக்க வேண்டும் என்று எந்தச் சட்டமும் இல்லை.

"ஒட்டாம இருக்கறதுக்கு எண்ணெய்னு ஒண்ணு இருக்குப்பா" என்றேன்.

"இதத்தாம்மா நான் சொல்றேன். ஒரு புது சாமான் குடுத்தா அத என்ன பண்ணணும்னு உனக்குத் தெரியல. இது ஒட்டும், கருகும், புகையும். விட்டுடு. பெட்டியக் கட்டு, போகலாம்."

"ஊத்திப் பார்த்துட்டு கட்டறேன். பெட்டி எங்கயும் ஓடிடாது."

வெங்காயத்தை எண்ணெயில் தோய்த்து இரண்டு தட்டிலும் தேய்த்து, ஒரு கரண்டி ஊற்றி மூடினேன். இட்லி மாவு வேறு, பழ மாவு வேறு என்று மூடியைத் திறந்ததும் தெரிந்தது. பழத்தின் இனிப்பு தட்டைக் கட்டிப் பிடித்துக்கொண்டது. இழுத்தேன், இரண்டாகக் கிழிந்தது. மகன் கிழிந்த துண்டையே பார்த்தான். அப்படிப் பார்க்கும்போது அவன் அவனுடைய அப்பா மாதிரியே இருப்பான். மண்டியில் அழுகின தாரை அவர் அப்படித்தான் பார்ப்பார்.

முதல் தோசை கல்லுக்கு. அதற்கு நான் யாரிடமும் மன்னிப்புக் கேட்டதில்லை. சுரண்டினேன், தேய்த்தேன், இரண்டாவதை ஊற்றினேன். இந்த முறை திறக்க அவசரப்படவில்லை. விளக்கைப் பார்க்கவும் இல்லை. விளக்குக்கு என்ன தெரியும். ஓரத்தில் ஆவி குறைந்து, வாசனை இனிப்பிலிருந்து வறுவலுக்குத் திரும்புகிற வரை காத்திருந்தேன். திறந்தேன். ஒரு மூலை மட்டும் தட்டில் தங்கியது. மூன்றாவது, கத்தி முனையை ஒரு ஓரத்தில் கொடுத்ததும் முழுசாக எழுந்து வந்தது. பொன்னிறம். பதினாறு கட்டமும் குழி குழியாக, நெய் நிற்க இடம் வைத்து.

தட்டில் போட்டு நெய்யும் நாட்டுச் சர்க்கரையும் தூவிக் கொடுத்தேன். மகன் ஒரு விள்ளல் பிட்டு வாயில் போட்டான். மென்றான். இன்னொன்று பிட்டான். நான் முதுகைக் காட்டிக்கொண்டு நாலாவதை ஊற்றினேன். அதையும் அவன்தான் சாப்பிட்டான். ஐந்தாவதையும். மருமகளுக்கு ஆறாவது கிடைத்தது, கல்யாணமான பெண்ணின் வழக்கமான பங்கு.

"எப்படிப்பா இருக்கு?"

"நல்லாருக்கு" என்றான், வரி கட்டுகிறவன் போல. உடனே, "ஆனா நீ இவ்வளவு நேரம் நிக்கக் கூடாது. உக்காரு. நான் ஊத்தறேன்" என்றான்.

உட்காரச் சொல்லும் நோய் அந்த வீட்டில் எல்லாருக்கும் உண்டு. சரி என்று முக்காலியில் உட்கார்ந்தேன். மருமகள் தட்டுகளைக் கழுவக் கொல்லைக் குழாய்க்குப் போனாள். அவன் ஒரு கரண்டி ஊற்றி மூடினான், தட்டில் எண்ணெய் தடவாமல். அப்போது போன் வந்தது. ஆபீஸ். ஞாயிற்றுக்கிழமைகூட இவன் இல்லாமல் அங்கே எதுவும் நடக்காதாம். உள்ளே சரியாகக் கேட்கவில்லை என்று பேசிக்கொண்டே தெருவுக்குப் போனான்.

சிவப்பு எரிந்தது. பச்சை வந்தது. சுவிட்ச் என் கைக்கு எட்டும் தூரத்தில் இருந்தது. அவனைக் கூப்பிட்டிருக்கலாம், கூப்பிடவில்லை. மறுபடி சிவப்பு வந்தது. ஓரத்தில் புகை கசிந்தது, முதலில் வெள்ளையாக, அப்புறம் மஞ்சளாக. நான் மடியில் கை வைத்துக்கொண்டு கோயிலில் உபன்யாசம் கேட்கிறவள் போல உட்கார்ந்திருந்தேன்.

எதிர் வீட்டிலிருந்து குரல் வந்தது. "புகை வரதே, என்ன ஆச்சு?"

மகன் ஓடி வந்தான். மருமகளும் ஈரக் கையோடு ஓடி வந்தாள். அவன் மூடியைத் திறக்கப் போய் விரலைச் சுட்டுக்கொண்டான். நான் கையை நீட்டிச் சுவிட்சை அணைத்தேன். உள்ளே கரித்துண்டு. பதினாறு கட்டம் மட்டும் குறையில்லாமல் விழுந்திருந்தது.

"தானா நின்னுடும்னு சொன்னானே" என்றான்.

"யாருப்பா சொன்னான்?"

"கடைக்காரன்."

"அப்ப அவனக் காட்டூருக்குக் கூட்டிட்டுப் போ."

அவன் விரலைத் தண்ணீரில் வைத்துக்கொண்டு நின்றான். "ரெண்டு நிமிஷம்தாம்மா பேசினேன்" என்றான். நாற்பத்தெட்டு வயசில், கண்ணாடி போட்டுக்கொண்டு, கரித்துண்டைப் பார்த்துக்கொண்டு அவன் நின்ற கோலம் எனக்குச் சந்தோஷமாக இருந்திருக்க வேண்டும். கொஞ்ச நேரம் இருந்தது. இல்லை என்று சொன்னால் பொய். அப்புறம் அந்தச் சந்தோஷம் நிற்கவில்லை. அவன் மறந்ததற்கு ஒரு போன் காரணமாக இருந்தது.

அவன் மருந்து தடவ வாசல் பக்கம் போனான். நானும் மருமகளும் தட்டைச் சுரண்டினோம். சுரண்டுவதற்கு இனி கருப்பு இல்லாததால் வேலை சுலபமாக இருந்தது என்று சொன்னேன். அவள் சிரித்தாள். நான் சிரிக்கவில்லை. ஏன் சொன்னேன் என்று இன்றைக்கும் தெரியவில்லை, அவளிடம் சொன்னேன்.

"பால் தீஞ்ச அன்னைக்கு நான் தூங்கலம்மா."

அவள் சுரண்டுவதை நிறுத்தவில்லை. "தெரியும் அத்தை."

"என்ன தெரியும்?"

"நாங்க வந்தப்ப முறத்துல முருங்கைக்கீரை முழுசா ஆய்ஞ்சு வச்சிருந்தீங்க. தூக்கத்துல யாரு கீரை ஆய்வாங்க?"

நான் பால் வைத்தது எனக்கு ஞாபகமே இல்லை. அதுதான் நடந்தது. முழித்துக்கொண்டு, கீரை ஆய்ந்துகொண்டு, பத்தடி தூரத்தில் பாத்திரம் கருகும் நாற்றத்தை முகர்ந்துகொண்டே, யார் வீட்டில் இப்படித் தீய விடுகிறார்கள், பொம்பளையா அவள் என்று திட்டிக்கொண்டிருந்தேன். மாமி கூப்பிட்டு உள்ளே போய்ப் பார்த்த பிறகும், அடுப்பைப் பற்ற வைத்தது யார் என்று கொஞ்ச நேரம் யோசித்தேன். தனியாக இருக்கிற வீட்டில் எத்தனை பேர் இருக்க முடியும்?

"அவன்கிட்ட சொன்னியா?"

"சொன்னா அன்னைக்கே உங்களக் கூட்டிட்டு வந்திருப்பாரு."

"அதுல உனக்கு என்ன?"

"எனக்கா? நீங்க வந்தா என் கிச்சன் எனக்கு இருக்குமா அத்தை?"

இருபது வருஷத்தில் முதல் தடவையாக அவள் என்னைத் திருப்பிக் குத்தினாள். நன்றாகவே குத்தினாள். எனக்கு அவள் மேல் ஒரு மதிப்பு வந்தது.

தட்டு சுத்தமானதும் அவள் பேரம் பேசினாள். சிலிண்டர் இங்கேயே இருக்கட்டும். ஆனால் காலையில் ஒரு தடவைதான் அடுப்பு. பற்ற வைப்பதற்கு முன்னால் அவளுக்குப் போன் போட வேண்டும். ஸ்பீக்கரில் போட்டு மேடையில் வைத்துவிட வேண்டும். அடுப்பை அணைத்து, ரெகுலேட்டரை மூடின பிறகுதான் போனை வைக்க வேண்டும். ஒரு நாள் போன் வராவிட்டால் அன்றைக்கே அவளே வந்து பெட்டியைக் கட்டுவாள்.

"எனக்குக் காவலா?"

"ஆமா. அந்த நேரத்துல நானும் சமையல்கட்டுலதான் இருப்பேன். தனியாத்தானே நிக்கறேன்."

முடியாது என்றேன். பிறகு சாயங்காலக் காப்பிக்கும் ஒரு தடவை வேண்டும் என்றேன். கூடாது, ஃபிளாஸ்க் வாங்கித் தருகிறேன் என்றாள். ஃபிளாஸ்க் காப்பி குடிக்கிறவளா நான் என்றேன். காட்டூரில் சுடச்சுடக் கிடைக்கும் என்றாள். ஃபிளாஸ்க் என்று முடிந்தது.

மகனிடம் என்ன சொன்னாள், எப்படிச் சொன்னாள் என்று எனக்குத் தெரியாது. அவன் ஸ்பேனரைப் பையில் போட்டுக்கொண்டு, "போயிட்டு வரேன்மா. பாத்து இரு" என்றான். மிச்சம் இருந்த மாவையும் கேட்டு, டப்பாவில் ஊற்றி வாங்கிக்கொண்டு போனான். காட்டூரில் அதை அவர்கள் தோசைக்கல்லில்தான் ஊற்றியிருக்க வேண்டும், மெஷின் இங்கே இருக்கிறதே.

இரண்டு மாதம் ஆகிறது. தினமும் காலை ஆறரைக்குப் போன் போடுகிறேன். நான் பால் வைக்கிறேன், அவள் அங்கே குக்கர் வைக்கிறாள். பெரும்பாலும் நாங்கள் பேசிக்கொள்வதில்லை, பேச என்ன இருக்கிறது. பாத்திரச் சத்தம் போகும், பாத்திரச் சத்தம் வரும். ஞாயிற்றுக்கிழமை மட்டும் மெஷினை எடுத்துப் பூவன் பழத்தில் நாலு வாஃபிள் ஊற்றுகிறேன். இப்போது ஒன்றுகூட ஒட்டுவதில்லை. போன வாரம் ஒரு நாள், பால் பொங்கி வருகிற நேரத்தில் நான் கூடத்தில் கோலப்பொடி டப்பாவைத் தேடிக்கொண்டிருந்தேன். "அத்தை, பொங்கற சத்தம் கேக்குது" என்று போன் கத்தியது. ஓடி வந்து அணைத்தேன். அணைக்கத்தான் வந்துகொண்டிருந்தேன் என்று சொன்னேன். சரி என்றாள். அந்தச் 'சரி'யோடு நிறுத்திக்கொண்டாள், என் மகனிடம் கொண்டு போகவில்லை. இது இன்னும் எத்தனை நாளைக்கு என்று அவள் கேட்பதில்லை, நானும் கணக்குப் போடுவதில்லை.

இன்று காலை பொங்குவதற்கு முன்னாலேயே அணைத்துவிட்டேன். போனில் அந்தப் பக்கம் இட்லிப் பானை மூடி படபடவென்று அடித்துக்கொண்டிருந்தது.

"அணைச்சாச்சா அத்தை?"

"அணைச்சாச்சு. ரெகுலேட்டரும் மூடியாச்சு."

"சரி, அப்ப வெக்கட்டுமா?"

"வை. உன் இட்லி வெந்து பத்து நிமிஷம் ஆகுது."